கரப்பானா, வண்டா?

சென்ற மாதம் நம் மாணவன் ஒருவன் பால் டின்னுக்குள் கரும்பூச்சி ஒன்றை அடைத்துக் கொணர்ந்தான். கரப்பானென்று எண்ணி அவன் தாயார் அரிசி வாளியின் பக்கத்திலேயே பூச்சிமருந்து தெளித்துவிட்டாராம். திறந்து பார்த்தோம். தலையில் கொம்பு! மட்கிய செம்பனை மரத்தில் வளர்ந்து, விளக்கொளியை நாடி வந்த காண்டாமிருக வண்டு அது. வாளி அரிசியும் வீணாயிற்று.

கரப்பானை அறிவது கடினமன்று. அதன் உடல் தட்டையானது, கதவிடுக்கிலும் நுழையும். தலை, கேடயம் போன்ற தகட்டின்கீழ் மறைந்திருக்கும். வளர்ந்த கரப்பானின் இறக்கைகள் ஒன்றன்மேல் ஒன்று படிந்திருக்கும். வண்டின் கடினமான மேலிறக்கைகளோ முதுகின் நடுவே நேர்கோட்டில் கூடும். கரப்பான் குஞ்சுக்கு இறக்கையே இல்லை. ஆதலால் பலர் அதனை வேறு பூச்சியென மயங்குவர். சுவர்க்கோழிக்கும் நீண்ட மீசையுண்டு. எனினும் அது பருத்த பின்னங்கால்களால் தாவும். கரப்பான் ஓடும்.

பூச்சி கண்ணில் படாவிடினும் அலமாரி மூலையைப் பாருங்கள். அமெரிக்கக் கரப்பானின் முட்டைக்கூடு சிறிய அவரை விதை போன்றது. ஒவ்வொன்றிலும் ஏறத்தாழ 14 முதல் 16 முட்டைகள் இருக்கும். சாக்கடையில் திரிந்த கால்களோடு சோற்றுப்பானையில் ஏறி, வயிற்றுப்போக்குக் கிருமிகளை அது பரப்பக்கூடும். பெற்றோர்களே, இரவிலேயே எச்சில் பாத்திரங்களைக் கழுவி, சோற்றை மூடி வையுங்கள். உணவுப் பண்டங்களருகே மருந்து தெளிக்க வேண்டா.

அவ்வண்டு இப்பொழுது நம் அறிவியல் மூலையில் இருக்கிறது.