மாத்திரையை நாமாகத் தொடங்கவும் வேண்டாம், நாமாக நிறுத்தவும் வேண்டாம்



இந்த மாதப் பாடம் ஒரு சின்ன மாத்திரையைப் பற்றியது. சேமிப்பு, கடன், வட்டி பற்றிப் பேசும் நாம் மாத்திரையைப் பற்றி ஏன் பேச வேண்டும் என்று கேட்கலாம். போன மாதம் டவுணில் நடந்த கூட்டமைப்புக் கூட்டத்தில் கேட்ட இரண்டு விஷயங்கள்தான் காரணம். சம்பந்தப்பட்ட சகோதரிகளின் அனுமதியோடு, பெயர் சொல்லாமல் எழுதுகிறோம்.

முதல் சகோதரியின் மகளுக்குப் பதினான்கு வயதில் வலிப்பு வந்தது. டாக்டர் இரண்டு வகை மாத்திரை கொடுத்தார். மூன்று வருடமாக வலிப்பே இல்லை. பெண்ணுக்கு மாப்பிள்ளை பார்த்து நிச்சயமும் முடிந்தது. "அங்க போயி மாத்திரை முழுங்கினா என்ன ஏதுன்னு கேப்பாவ. அதான் சுகமாயிட்டே, நிறுத்திருவோம்னு நிறுத்திட்டேன்" என்றார் அந்த அக்கா. நாலாம் நாள் காலையில் வாசல் தெளிக்கும்போது பெண்ணுக்கு வலிப்பு வந்தது. ஒன்று முடிந்து நினைவு திரும்புவதற்குள் அடுத்தது வந்துவிட்டது. 108-ல் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். பிள்ளை பிழைத்துக்கொண்டாள்.

இரண்டாவது சகோதரி பீடி சுற்றுகிறவர். கடன் நெருக்கடியில் ராத்திரித் தூக்கம் போய், நெஞ்சு படபடவென்று அடித்துக்கொண்டது. பக்கத்து வீட்டு மைனி தன்னுடைய மாத்திரையில் பாதி கொடுத்து, "இதப் போட்டுட்டுப் படு, நல்லா ஒறக்கம் வரும்" என்றிருக்கிறார். தூக்கம் வந்தது. அப்புறம் காலி அட்டையைக் காட்டி, சீட்டு இல்லாமலே கடையில் வாங்க ஆரம்பித்தார். எட்டு மாதத்தில் பாதி மாத்திரை இரண்டு மாத்திரை ஆனது. யாரோ "இது ஒடம்பக் கெடுத்துரும்" என்று பயம் காட்ட, ஒரே நாளில் நிறுத்திவிட்டார். இரண்டு ராத்திரி தூக்கமே இல்லை. கை நடுங்கி இலையைப் பிடிக்க முடியவில்லை. மூணாம் நாள் வலிப்பு வந்தது. பிறந்ததிலிருந்து அவருக்கு வலிப்பே வந்ததில்லை. வீட்டில் காத்துக்கருப்பு என்று பேசிக்கொண்டார்கள்.

கூட்டத்தில் இருவரும் மாத்திரை அட்டைகளைப் பாயில் வைத்தார்கள். பெயர் வேறு, நிறம் வேறு. ஆனால் இரண்டும் ஒரே குடும்பத்து மருந்து!

ஒரே குடும்பத்து மருந்துகள்

இந்தக் குடும்பத்துக்கு பென்சோடயசிபைன் என்று பெயர். டயசிபாம், லோரசிபாம், குளோனசிபாம், குளோபசாம், அல்பிரசோலம், மிடசோலம் எல்லாம் இதில் அடங்கும். கடைசியில் பாம், சாம், லம் என்று முடிவதைக் கவனியுங்கள். அட்டையில் கம்பெனி வைத்த பெயர் பெரிய எழுத்திலும், மருந்தின் பெயர் சின்ன எழுத்திலும் இருக்கும். படிக்கிற பிள்ளைகளை விட்டு அந்தச் சின்ன எழுத்தை வாசிக்கச் சொல்லுங்கள். சில பதட்ட மாத்திரைகளில் ஒரே மாத்திரைக்குள் இரண்டு மருந்து இருக்கும். அதில் ஒன்று குளோனசிபாமாக இருக்கலாம்.

இந்தக் குடும்பத்தின் முதல் மருந்து 1960-ல் விற்பனைக்கு வந்தது. டயசிபாம் 1963-ல் வந்தது. லியோ ஸ்டெர்ன்பாக் என்ற வேதியியல் அறிஞர் கண்டுபிடித்தார். அதற்கு முன்பு இருந்த தூக்க மருந்துகளை விட ஆபத்து குறைவு என்பதால் உலகம் முழுவதும் பரவியது. நாள்பட எடுத்தால் உடம்பு அதற்கு அடிமையாகும் என்பது பிறகுதான் நன்றாகத் தெரியவந்தது.

மூளையில் என்ன செய்கிறது?

நம் மூளையில் வேகப்படுத்தும் சக்தியும் உண்டு, பிரேக் போடும் சக்தியும் உண்டு. வலிப்பு என்பது மூளையின் மின்சாரம் ஒரே நேரத்தில் தாறுமாறாகப் பாய்வது. பதட்டத்தில் மூளை ஆபத்து இல்லாத நேரத்திலும் ஆபத்து என்று மணி அடித்துக்கொண்டே இருக்கிறது. இந்த மாத்திரை மூளையின் பிரேக்குக்குக் கூடுதல் பலம் கொடுக்கிறது. அதனால்தான் இரண்டு நோய்க்கும் ஒரே குடும்பத்து மருந்து பயன்படுகிறது.

வாரக்கணக்கில் தினமும் போட்டால், வெளியிலிருந்து பிரேக் வருகிறது என்று மூளை தன்னுடைய பிரேக்கைத் தளர்த்திவிடும். அப்போது பழைய அளவு போதாது. திடீரென்று மாத்திரையை நிறுத்தினால் வெளிப் பிரேக்கும் இல்லை, சொந்தப் பிரேக்கும் இல்லை. மேட்டிலிருந்து இறங்குகிற வண்டி கதிதான். நடுக்கம், வியர்வை, தூக்கமின்மை, பயம், சிலருக்கு வலிப்பு. சில மாத்திரைகளுக்கு இது ஓரிரு நாளில் வரும். சிலவற்றுக்கு ஒரு வாரம் கழித்தும் வரும். இதற்குக் காத்துக்கருப்பு காரணம் இல்லை, சகோதரிகளே. மாத்திரையைச் சட்டென்று விட்டதுதான் காரணம்.

வலிப்பு உள்ளவர்களுக்கு

உலகத்தில் சுமார் 5 கோடிப் பேருக்கு வலிப்பு நோய் இருப்பதாக உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. சரியான மருந்து கிடைத்தால் 100-ல் 70 பேர் வலிப்பு இல்லாமல் வாழலாம். இது தொற்று நோய் இல்லை. சாபமும் இல்லை. பிரசவத்தில் குழந்தைக்கு மூச்சுத் திணறல், தலையில் அடி, மூளைக்காய்ச்சல், நாடாப்புழு முட்டை வயிற்றுக்குள் போய் மூளையில் கட்டி உண்டாவது போன்றவை காரணமாகலாம். பலருக்குக் காரணம் தெரியாமலும் வரும்.

வலிப்புக்குத் தினசரி மருந்துகள் வேறு பல உண்டு. அவை போதாதபோது குளோபசாம் போன்றதைக் கூடச் சேர்த்துக் கொடுப்பார்கள். காய்ச்சலோடு வலிப்பு வரும் சில சின்னப் பிள்ளைகளுக்கு, காய்ச்சல் இருக்கும் நாட்களில் மட்டும் கொடுக்கச் சொல்லுவார்கள். வலிப்பு நிற்காமல் போனால் ஆஸ்பத்திரியில் ஊசி வழியாகக் கொடுப்பதும் பெரும்பாலும் இந்தக் குடும்பத்து மருந்தே. எனவே இது கெட்ட மருந்து இல்லை. உயிர் காக்கும் மருந்து.

வலிப்பு வராமல் இருக்கிறது என்றால் பெரும்பாலும் மாத்திரை வேலை செய்கிறது என்று அர்த்தம். நிறுத்தலாமா என்பதை டாக்டர்தான் சொல்ல வேண்டும். ஆனித் தேரோட்டம், கொடை, கல்யாணம் என்று ராத்திரி கண்விழிக்கும் நாட்களில் மாத்திரையை மறந்துவிடாதீர்கள். தூக்கம் கெட்டாலே சிலருக்கு வலிப்பு வரும். தாமிரபரணியிலோ, குளத்திலோ, கிணற்றிலோ தனியாகக் குளிக்க வேண்டாம். அடுப்படியில் பக்கத்தில் ஆள் இருப்பது நல்லது.

கர்ப்பம் என்று தெரிந்ததும் பயந்து மாத்திரையை நிறுத்தி ஆபத்தில் சிக்கியவர்கள் உண்டு. சில வலிப்பு மருந்துகள் வயிற்றுப் பிள்ளையைப் பாதிக்கும் என்பது உண்மை. ஆனால் கடுமையான வலிப்பும் தாய்க்கும் பிள்ளைக்கும் ஆபத்து. கர்ப்பம் தரிக்கும் முன்பே டாக்டரிடம் சொன்னால் மருந்தை மாற்றித் தருவார். சில வலிப்பு மருந்துகள் கருத்தடை மாத்திரையின் பலனைக் குறைக்கும். அதையும் கேட்டுக்கொள்ளுங்கள்.

பதட்டம் உள்ளவர்களுக்கு

பதட்டத்துக்கு இந்த மாத்திரை குறுகிய நாட்களுக்கு உதவும். சாதாரணமாக 2 முதல் 4 வாரத்துக்கு மேல் வேண்டாம் என்று பிரிட்டனில் 1988-லேயே டாக்டர்களுக்கு அறிவுரை கொடுத்தார்கள். அடிமையாதலையும், நிறுத்தும்போது வரும் தொந்தரவையும் பற்றி அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை 2020-ல் மிகக் கடுமையான எச்சரிக்கையை அட்டையில் சேர்க்கச் சொன்னது. நீண்ட நாள் பதட்டத்துக்கு வேறு மாத்திரைகளும், ஆலோசனைப் பேச்சு சிகிச்சையும் உண்டு. அவை மெதுவாக வேலை செய்யும். பொறுமை வேண்டும்.

படபடப்பு எல்லாம் மனப் பதட்டமும் இல்லை. ரத்தசோகை, தைராய்டு, இதயக் கோளாறு இருந்தாலும் நெஞ்சு அடித்துக்கொள்ளும். அடுத்த வீட்டு மாத்திரை அதை மறைத்துவிடும். பரிசோதனை செய்துகொள்ளாமல் மாத்திரை போட வேண்டாம்.

இந்த மாத்திரை போட்டவர்களுக்குத் தூக்கக் கலக்கம், மறதி, தள்ளாட்டம் வரலாம். வயதானவர்கள் ராத்திரி எழுந்து விழுந்து இடுப்பெலும்பை உடைத்துக்கொள்வார்கள். இதோடு சாராயம் சேர்ந்தால் மூச்சே நின்றுபோகலாம். வலுவான வலி மாத்திரையோ, கொடீன் கலந்த இருமல் மருந்தோ சேர்ந்தாலும் அதே ஆபத்து. வீட்டு ஆண்கள் குடித்துவிட்டு இந்த மாத்திரையை எடுத்துப் போடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். பிள்ளைகள் கைக்கு எட்டாத இடத்தில் வையுங்கள்.

கடையில் சீட்டு இல்லாமல் வாங்கலாமா?

கூடாது. அட்டை மூலையில் சிவப்பு நிறக் குறி இருக்கும். டாக்டர் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாது என்பது அதன் பொருள். அல்பிரசோலம், டயசிபாம் போன்றவற்றுக்கு 2014 மார்ச் முதல் விதி இன்னும் கடுமையானது. டாக்டர் பெயர், நோயாளி பெயர், கொடுத்த அளவு எல்லாம் கடைக்காரர் தனி நோட்டில் எழுதி மூன்று வருடம் வைத்திருக்க வேண்டும். "காலி அட்டையைக் காட்டினாத் தாராவளே" என்று சொல்லாதீர்கள். அவர் கொடுப்பது தப்பு, நாம் வாங்குவது நமக்கே கேடு.

எங்கே போவது?

முதலில் பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையம். அங்கிருந்து பெரிய ஆஸ்பத்திரிக்கு எழுதிக் கொடுப்பார்கள். பாளையங்கோட்டை ஹைகிரவுண்டில் உள்ள அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் நரம்பியல், மனநலம் இரண்டு பிரிவும் உண்டு. மாத்திரை இலவசம். பஸ் காசுக்குத் தயங்க வேண்டாம். 2021 முதல் சாதாரணக் கட்டண நகரப் பேருந்துகளில் பெண்களுக்கு டிக்கெட் கிடையாது. மனக் கஷ்டத்தைப் போனில் பேச 14416 என்ற இலவச எண் 2022 அக்டோபர் முதல் இருக்கிறது. ராத்திரியும் பேசலாம், தமிழிலேயே பேசலாம்.

ஏற்கெனவே பல மாதமாகப் போடுகிறவர்கள் இதைப் படித்துவிட்டு இன்று ராத்திரியே நிறுத்திவிடாதீர்கள்! டாக்டரிடம் போய் எத்தனை மாத்திரை, எத்தனை நாள் என்று உள்ளதைச் சொல்லுங்கள். அவர் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைப்பார். வாரக்கணக்கில் ஆகும், சிலருக்கு மாதக்கணக்கில் ஆகும். வலிப்புக்குப் போடுகிறவர்கள் அவராகச் சொன்னாலொழியக் குறைக்கவே வேண்டாம்.

கல்யாணப் பேச்சு

வலிப்பு உள்ளவர்கள் கல்யாணம் செய்யலாம், பிள்ளை பெறலாம். முன்பு இந்து திருமணச் சட்டத்திலும் சிறப்புத் திருமணச் சட்டத்திலும் வலிப்பு ஒரு தடையாக எழுதப்பட்டிருந்தது. 1999-ல் சட்டத்தைத் திருத்தி அந்தச் சொல்லையே எடுத்துவிட்டார்கள். சட்டம் மாறி இத்தனை வருடம் ஆகியும் நம் ஊர்ப் பேச்சு மாறவில்லை. மறைத்துக் கட்டிக்கொடுத்தால் பெண் மாத்திரையையும் மறைத்துத்தான் போட வேண்டும். ஒரு நாள் தவறும். வலிப்பு வரும். பிறகு "ஏமாத்திட்டிய" என்ற பேச்சும் வரும். முன்கூட்டியே சொல்லுவதுதான் பெண்ணுக்குப் பாதுகாப்பு. முடிந்தால் மாப்பிள்ளையையும் டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போங்கள்.

வலிப்பு வந்தால் செய்ய வேண்டியவை

1. பக்கத்தில் உள்ள நெருப்பு, அரிவாள், கல்லை அகற்றுங்கள். தலைக்கு அடியில் துணி வையுங்கள்.
2. ஒருக்களித்துப் படுக்க வையுங்கள். எச்சில் வெளியே வழியட்டும்.
3. கையில் சாவி, இரும்பு கொடுக்க வேண்டாம். அதனால் வலிப்பு நிற்காது. வாயில் கரண்டி, துணி, தண்ணீர், மாத்திரை எதுவும் வைக்க வேண்டாம். கையைக் காலை அமுக்கிப் பிடிக்க வேண்டாம்.
4. மணியைப் பாருங்கள். 5 நிமிடத்தைத் தாண்டினாலோ, நினைவு திரும்பாமல் அடுத்தது வந்தாலோ, முதல் தடவை வலிப்பு என்றாலோ, கர்ப்பிணி என்றாலோ, தண்ணீருக்குள் வந்தாலோ 108-ஐக் கூப்பிடுங்கள்.
5. நினைவு தெளியும் வரை கூடவே இருங்கள்.

குழுவில் பேச வேண்டியவை

1. நம் குழுவில் யாராவது மற்றவர் மாத்திரையை வாங்கிப் போடுகிறோமா?
2. வலிப்பு மாத்திரையை மறைத்துப் போடும் பெண்கள் நம் ஊரில் உண்டா? அவர்களுக்கு நாம் என்ன துணை செய்யலாம்?
3. மாதம் ஒரு முறை ஆஸ்பத்திரிக்குப் போகும் சகோதரிக்குக் கூட ஒரு ஆள் போக முடியுமா?

பேசி முடித்ததைத் தீர்மான நோட்டில் எழுதுங்கள்.

பீடி சுற்றும் சகோதரி இப்போது டாக்டர் மேற்பார்வையில் மாத்திரையைக் குறைத்து வருகிறார். மூன்றாவது மாதம் நடக்கிறது. "ஒறக்கம் முன்ன மாதிரி வரல, ஆனா கை நடுங்கலக்கா" என்கிறார். அவருடைய கடன் தவணையைப் பற்றிக் குழு தனியாக உட்கார்ந்து பேசியது. அதுவும் மருந்துதான்.

நிச்சயமான பெண்ணின் அம்மா மாப்பிள்ளை வீட்டில் உண்மையைச் சொல்லிவிட்டார். அவர்கள் இன்னும் பதில் சொல்லவில்லை. என்ன பதில் வந்தாலும் சரி, அந்தப் பெண் காலையும் ராத்திரியும் நேரம் தவறாமல் மாத்திரை போடுகிறாள். போடாவிட்டால் முதலில் திட்டுவது இப்போது அவளுடைய அம்மாதான்.

அடுத்த மாதப் பாடத்தில் சந்திப்போம்.