கல் சொல்லாததைக் காட்டியவர்

நுழையும்முன்

திரைப்படத்தில் நடிகரை நினைவில் வைக்கிறோம். அவர் அமர்ந்திருந்த திண்ணையை வடிவமைத்தவரை மறந்துவிடுகிறோம். அவ்வாறு மறக்கப்படும் கலைஞர்களுள் ஒருவரைப் பற்றியது இப்பாடம்.

செஞ்சிக் கோட்டையின் கல்யாண மகால் முற்றத்தில் நின்று பாருங்கள். அடுக்கடுக்காக உயரும் நடுமாடம், அதனைச் சூழ்ந்த அறைகள், வளைவுகள் யாவும் உள்ளன. ஆயினும் அங்குத் தொங்கிய திரைச்சீலையின் நிறம் யாது? விளக்கை எவ்வளவு உயரத்தில் வைத்தனர்? காவலன் காலில் என்ன அணிந்திருந்தான்? கல் நின்றது, துணியும் மரமும் அழிந்தன. வரலாற்றுத் திரைப்படத்தின் கலை இயக்குநர் தம் பணியைத் தொடங்குமிடம் இதுவே.

அப்பணியில் தனித்தடம் பதித்தவர் பி. கிருஷ்ணமூர்த்தி. 1943இல் பூம்புகாரில் பிறந்தவர்; சென்னை அரசு ஓவியக் கல்லூரியில் பயின்றவர். 1966இல் சோழமண்டல ஓவியர் கிராமத்தை அமைத்த ஓவியர் பலரை உருவாக்கிய கல்லூரி அது. கன்னட இயக்குநர் ஜி. வி. ஐயரின் 'ஹம்சகீதே' (1975) அவரைத் திரைக்கு அழைத்து வந்தது. அப்படத்தின் கதை நிகழுமிடம் சித்திரதுர்க்கம். செஞ்சியைப் போலவே மலைக்கோட்டை ஊர். இந்தியாவின் முதல் சமஸ்கிருதத் திரைப்படமான 'ஆதி சங்கராச்சாரியா'விலும் (1983) அவ்விருவரும் இணைந்தனர்.

கிருஷ்ணமூர்த்தி அரங்கை மட்டுமன்றி ஆடையையும் வடிவமைத்தார். இதனைத் தனித்துக் குறிப்பிட வேண்டும். சுவரின் நிறத்தை ஒருவரும் உடையின் நிறத்தை மற்றொருவரும் முடிவு செய்தால், காட்சி இரண்டாகப் பிளவுபட வாய்ப்புண்டு. 'பாரதி' (2000) படத்தை எடுத்துக்கொள்வோம். பாரதியாரின் ஒளிப்படங்கள் மிகச் சிலவே. அவையும் கறுப்பு வெள்ளை. தலைப்பாகையும் கோட்டும் நமக்குத் தெரியும். அந்தக் கோட்டு எத்தனைமுறை துவைக்கப்பட்டு வெளுத்தது என்பதை ஒளிப்படம் சொல்லாது. வறுமையில் வாழ்ந்த கவிஞருக்குப் புத்தம்புதுக் கோட்டை அணிவித்தால் வசனம் முழுவதும் பொய்யாகிவிடும். அப்படத்தின் கலை இயக்கம், ஆடை வடிவமைப்பு இரண்டுக்குமே அவர் தேசிய விருது பெற்றார். 'ஒரு வடக்கன் வீரகதா' (1989) என்னும் மலையாளப் படத்துக்கும் அவ்வாறே இரண்டு விருதுகள். 'மத்வாச்சாரியா'வுக்குக் கிடைத்ததையும் சேர்த்தால் ஐந்து.

'இம்சை அரசன் 23ஆம் புலிகேசி'யின் (2006) அரண்மனையும் அவருடையதே என்றால் சிலர் வியப்பர். நகைச்சுவைக்கு வரலாற்றைப் பெரிதாக்கிக் காட்டலாம். ஆனால், எதைப் பெரிதாக்குகிறோம் என்பதை அறிந்தவரே அதனைச் செய்ய இயலும்.

திரைப்பட அரங்கு பெரும்பாலும் மரச்சட்டம், துணி, சாந்து ஆகியவற்றால் ஆனது. படப்பிடிப்பு முடிந்ததும் அது பிரிக்கப்படும். ஓவியனுக்குத் திரைச்சீலை எஞ்சும். சிற்பிக்குக் கல் எஞ்சும். கலை இயக்குநருக்கு எஞ்சுவது படச்சுருளில் பதிந்த ஒளி மட்டுமே. பழைய படச்சுருள்களைப் பேணாது விட்டால் அதுவும் எஞ்சாது. கிருஷ்ணமூர்த்தி 2020 டிசம்பர் 13 அன்று சென்னையில் மறைந்தார்.

கற்பவை கற்றபின்

செஞ்சிக் கோட்டையிலோ உங்கள் ஊரிலோ உள்ள பழைய கட்டடம் ஒன்றைத் தேர்ந்தெடுக்க. அங்கு அழிந்துபோன பொருள்கள் எவையாக இருக்கலாம் என ஊர்ப் பெரியவர்களிடம் கேட்டறிந்து, ஓர் அறையை மட்டும் அக்காலத்தில் இருந்தவாறு வரைந்து வண்ணமிடுக. ஒவ்வொரு வண்ணத்தையும் தேர்ந்ததற்கான காரணத்தை ஓரத்தில் எழுதுக.