காமிராவின் முன் எளிய மனிதர்

முன்னுரை

கதைப் படத்தில் வரும் நடிகர் பிறிதொருவர் வாழ்வை நடித்துக் காட்டுகிறார். அதற்கு ஊதியமும் புகழும் பெறுகிறார். ஆவணப்படத்தில் வரும் எளிய மனிதரோ தம் முகத்தையும் உழைப்பையும் சொல்லையுமே தருகிறார். நிகழ்வதை அருகிருந்து நோக்கி, விளக்கவுரை சேர்க்காமல் உள்ளவாறே காட்டும் படத்தை 'உற்றுநோக்கு ஆவணப்படம்' எனலாம். 1960களில் தோளில் சுமக்கத்தக்க காமிராவும், உடனுக்குடன் ஒலியைப் பதியும் கருவியும் வந்தபின் இவ்வகை வளர்ந்தது. இத்தகைய படத்தில் தோன்றுவோர்க்கு நாம் ஆற்ற வேண்டிய கடமை யாது? நெசவுத் தொழில் சார்ந்த ஒரு படத்தைக் கொண்டு இதனை ஆராய்வோம்.

'மெஷின்ஸ்'

ராகுல் ஜெயின் இயக்கிய 'மெஷின்ஸ்' 2016இல் வெளிவந்தது. குஜராத்தின் சூரத் பகுதியில் துணிக்குச் சாயமேற்றி அச்சிடும் ஓர் ஆலையே இதன் களம். சிறுவயதில் தம் பாட்டனாரின் ஆலையில் விளையாடித் திரிந்த இயக்குநர், மாணவராக இருந்தபோது தொடங்கிய முயற்சி இது. 2017 சண்டான்ஸ் விழாவில் இதன் ஒளிப்பதிவு சிறப்புப் பரிசு பெற்றது.

தொழிலாளர் பன்னிரண்டு மணி நேரம் உழைக்கின்றனர். திருப்பூரில் 'ஒன்றரை ஷிப்டு' என்று வழங்குவது இதுவே. சிறுவன் ஒருவன் இயந்திரத்தின் முன் நின்றவாறே உறக்கத்தோடு போராடுகிறான். தலை சாய்கிறது, நிமிர்கிறது, மீண்டும் சாய்கிறது. விளக்கவுரை எதுவும் இங்கே தேவைப்படவில்லை.

இரு காமிராக்கள்

இப்படத்தில் ஆலை முதலாளியும் தோன்றுகிறார். தம் அறையில் அமர்ந்து, கண்காணிப்புக் காமிராக்களின் திரைகளில் தொழிலாளரைப் பார்க்கிறார். கூலி கூடினால் அவர்களுக்கு ஆலையின்மீது அக்கறை குறையும் என்ற கருத்துப்படப் பேசுகிறார். ஒரே முகத்தை இரு காமிராக்கள் நோக்குகின்றன. ஒன்று வேலை நடக்கிறதா என்று பார்க்கிறது. மற்றொன்று வேலை செய்பவர் யார் என்று பார்க்கிறது. ஆயினும் இரண்டும் பார்த்துவிட்டுப் போகும் கருவிகள்தாமே என்ற ஐயம் எழலாம்.

இந்த ஐயத்தைத் தொழிலாளரே எழுப்புகின்றனர் என்பது ஈண்டு நோக்கத்தக்கது. படம் எடுப்பவரைச் சூழ்ந்துகொண்டு, வருவோரெல்லாம் எங்கள் துன்பத்தைப் பார்த்துவிட்டுப் போய்விடுகின்றனர், நாங்கள் செய்ய வேண்டுவது யாது என்று சொல்லுங்கள் எனும் பொருள்பட வினவுகின்றனர். பார்க்கப்பட்டவர் பார்ப்பவராகும் இடம் இது. இயக்குநர் அவ்வினாவை வெட்டி நீக்கவில்லை. படத்தின் நேர்மை அங்கே விளங்குகிறது.

படம் முடிந்த பின்

அயல்நாட்டு நிகழ்ச்சிகள் இரண்டு இங்கு ஒப்புநோக்கத்தக்கன. 1961இல் வெளிவந்த ஒரு பிரெஞ்சு ஆவணப்படத்தில் ழான் ரூஷும் எட்கர் மோரனும், பதிவான காட்சிகளைப் பங்கேற்றோருக்கே திரையிட்டனர். அவர்கள் கூறிய நிறைகுறைகளையும் படத்தில் சேர்த்தனர். 2002இல் வெளிவந்த மற்றொரு பிரெஞ்சுப் படம் ஒரு சிற்றூர்ப் பள்ளியைக் காட்டியது. அது பெருவெற்றி பெறவே, அதில் தோன்றிய ஆசிரியர் வருவாயில் பங்கு கேட்டு வழக்குத் தொடர்ந்தார். 2004இல் பாரிஸ் நீதிமன்றம் அதனை ஏற்கவில்லை. சட்டம் ஏற்காத கடன் அறத்தின் கணக்கிலும் இல்லையென்று ஆகிவிடாது.

நிறைவுரை

ராயபுரத்தில் பிறந்து வளர்ந்த பிள்ளைகளுக்கு ஓவர்லாக் இயந்திரத்தின் ஓசை புதிதன்று. இன்று அவர்கள் ஒவ்வொருவர் கையிலும் காமிராவுடன் கூடிய செல்பேசி இருக்கிறது. பனியன் கம்பெனியில் செக்கிங் செய்யும் பெண்ணையோ, ஒடிசாவிலிருந்து வந்த இளைஞரையோ நாம் படமெடுக்க முனையும்போது கருத வேண்டியவை மூன்று. படம் எங்கெங்குச் செல்லும் என்பதை அவர்தம் மொழியிலேயே சொல்லி இசைவு பெறுதல் முதலாவது. முகம் தெரிவதால் அவர்தம் பிழைப்புக்குக் கேடு வருமாயின் அக்காட்சியை விட்டுவிடுதல் இரண்டாவது. எடுத்ததை அவருக்கே முதலில் காட்டி, அவர் சொல்வதைக் கேட்டல் மூன்றாவது.

பெயர் தெரியாமலே நாம் உடுத்தும் ஆடையைத் தைத்துத் தந்தவர் அவர். அவரது முகத்தையும் அவ்வாறே கேளாமல் எடுத்துக்கொள்ளுதல் முறையன்று.