குகையை விட்டு வெளியே வாருங்கள்



தர்மபுரத்தில் வெயிலுக்குப் பஞ்சமில்லை. பரந்தன்–முல்லைத்தீவு வீதியில் நண்பகலில் நடப்பவர் நிழலையே தேடுவார். ஆயினும் வெளிச்சம் காணாதவர்கள் நம் வீடுகளில் இருக்கிறார்கள். இரவெல்லாம் கைத்தொலைபேசியோடு விழித்திருந்து, பகலில் அறைக்குள் புத்தகத்தின் மேல் தூங்கிவிழும் மாணவன் ஒருவன். 2009இல் இழந்த பிள்ளையை நினைத்து, இன்றும் கதவைச் சாத்திக்கொண்டு இருக்கும் தாய் ஒருத்தி. இவர்களுக்கு வெளிச்சம் என்ன செய்யும்?

நம் உடலுக்குள் ஒரு கடிகாரம் உண்டு. அது இயங்கும் விதத்தை ஆராய்ந்த அமெரிக்க விஞ்ஞானிகள் மூவருக்கு 2017இல் நோபல் பரிசு கிடைத்தது. அக்கடிகாரத்தை நாள்தோறும் சரிசெய்வது ஒளியே. பார்ப்பதற்கான உயிரணுக்களோடு, வெளிச்சத்தின் அளவை மூளைக்கு அறிவிக்கும் வேறு உயிரணுக்களும் விழித்திரையில் உள்ளன. காலை ஒளி பட்டதும், உறக்கத்துக்குரிய மெலற்றோனின் சுரப்பு அடங்குகிறது, மனம் விழிப்படைகிறது, இரவில் உரிய நேரத்தில் உறக்கம் வருகிறது. இரவில் கண்ணருகே ஒளிரும் திரையோ இந்த ஒழுங்கைக் குலைக்கிறது.

வீட்டு மின்விளக்கு தருவது சில நூறு லக்ஸ் ஒளி மாத்திரமே. பகலில் முற்றத்து மரநிழலிலும் பல ஆயிரம் லக்ஸ் உண்டு. ஒஸ்லோவில் வாழும் நம் உறவினருக்கு மார்கழியில் பகல் ஏறக்குறைய 6 மணித்தியாலமே. அத்தகைய குளிர்நாடுகளில் மாரிகாலத்தில் சிலரைப் பற்றும் மனச்சோர்வை 1984இல் வைத்தியர் நோர்மன் றோசென்தால் விவரித்தார். அதற்கு அங்கே விசேட விளக்கொளியால் சிகிச்சை அளிக்கிறார்கள். நமக்கோ ஆண்டு முழுவதும் பகல் ஏறத்தாழ 12 மணித்தியாலம், அதுவும் இலவசம்!

சாவை வேண்டிச் சோர்ந்து கிடந்த எலியாவுக்கு ஆண்டவர் முதலில் உறக்கமும் உணவும் தந்தார். பின்னர், குகையை விட்டு வெளியே வரும்படி அழைத்தார் (1 அரசர் 19). ஒருகாலத்தில் பதுங்குகுழி நம் உயிரைக் காத்தது. அடைக்கலம் தந்த இருளே பின்னர் சிறையாகிவிடலாகாது.

பெற்றோரே, காலையில் அரை மணி நேரமாவது பிள்ளைகளை முற்றத்தில் இருத்திப் படிப்பியுங்கள். சூரியனை நேரே பார்க்க விடாதீர்கள். நீடித்த துயரத்துக்கு வெளிச்சம் மட்டும் போதாது. வைத்தியரை நாடுவது விசுவாசக் குறைவன்று.

கதவைச் சாத்தியிருப்பவர் தாமாக வெளியே வரமாட்டார். நாளைக் காலை அவரது படலையில் நின்று, "வாங்கோ அக்கா, கோயில் மட்டும் நடந்துவிட்டு வருவோம்" என்று அழைக்கப்போவது யார்?