உங்கள் பெயருக்குப் பொருள் என்ன?



சில மாதங்களுக்கு முன் இளந்தம்பதிகள் இருவர், தங்கள் ஆண்குழந்தையின் ஞானஸ்நானத்துக்குப் பெயர் கொடுக்க, குழந்தையின் பாட்டியோடு அறைவீட்டுக்கு வந்தார்கள். காலமான தம் கணவரின் பெயரையே பேரனுக்கு இடவேண்டும் என்றார் பாட்டியம்மாள். சவரிமுத்து என்பது அந்தப் பெயர். "அது ரொம்பப் பழைய பெயர், சாமி. பள்ளிக்கூடத்தில் பிள்ளையைக் கேலி செய்வார்கள்" என்றார் மகன். அவர்கள் கைப்பேசியில் தேடிக் குறித்துவந்த பெயர் காதுக்கு இனிமையாகத்தான் இருந்தது. அதற்குப் பொருள் என்ன என்று கேட்டேன். தெரியாது என்றார்கள். பாட்டியம்மாளைப் பார்த்து, "சவேரியார் என்றால் என்ன பொருள், அம்மா?" என்றேன். "அது அர்ச்சியசிஷ்டவர் பேரு, சாமி. அவ்வளவுதான் தெரியும்" என்று சொல்லி, முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

பிள்ளையின்மேல் உள்ள அன்பினால்தான் இருதரப்பாரும் வாதாடினார்கள். ஆனால் பிள்ளைக்குத் தாங்கள் கொடுக்கப்போவது இன்னதென்று இருவருமே அறியவில்லை. நம் பங்கில் அநேகருடைய நிலைமை இதுவே. ஆகையால் நம் பெயர்களின் பொருளை இவ்வாரம் சற்றே கற்றுக்கொள்வோம்.

ஜனங்களுக்கு ஜனங்கள் பெயரிடும் வழக்கம் வேறுபடும். கானா நாட்டு ஆக்கான் மக்கள் பிள்ளை பிறந்த கிழமையைப் பெயராக்குவார்கள். வெள்ளிக்கிழமை பிறந்த ஆண்பிள்ளை கோஃபி எனப்படுவான். பழைய உரோமையரிடம் குவிந்துஸ் என்ற பெயர் உண்டு; 'ஐந்தாமவன்' என்பது அதன் பொருள். எபிரேயர்களோ பெயரையே ஒரு சிறு ஜெபமாக்கினார்கள். மிக்கேல் என்றால் 'சர்வேசுரனுக்கு நிகர் யார்?' என்று பொருள். சக்கரியாஸ் என்றால் 'ஆண்டவர் நினைவுகூர்ந்தார்' என்று பொருள்.

பெயரைப்பற்றிய குடும்பச் சச்சரவும் புதியதல்ல. அர்ச். லூக்காஸ் சுவிசேஷத்தின் முதல் அதிகாரத்தைப் பாருங்கள். உறவினர் கூடி, குழந்தைக்குத் தகப்பனாகிய சக்கரியாசின் பெயரை இடப்பார்த்தார்கள். தாயாகிய எலிசபெத்தம்மாள் சம்மதிக்கவில்லை. அப்படிப்பட்ட பெயர் உங்கள் குலத்தில் ஒருவருக்கும் இல்லையே என்று உறவினர் தடை சொன்னார்கள். பேச்சிழந்திருந்த சக்கரியாஸ் பலகை கேட்டு வாங்கி எழுதிய பெயர், எபிரேயத்தில் 'ஆண்டவர் அருள்கூர்ந்தார்' என்று பொருள்படும். அவரைத்தான் நம் முன்னோர் ஸ்நாபக அருளப்பர் என்று அழைத்தார்கள். 'அருள்' என்னும் தமிழ்ச் சொல் அந்த எபிரேயப் பொருளை அப்படியே தாங்கி நிற்பதைக் கவனியுங்கள்.

நம் நாட்டில் வேதம் போதித்த பழைய குருக்கள் பல பெயர்களை இவ்விதமாகவே பொருளறிந்து தமிழாக்கினார்கள். பவுலுஸ் என்ற இலத்தீன் பெயருக்குச் 'சிறியவன்' என்பது பொருள். அதுவே சின்னப்பர் ஆயிற்று. ஸ்தேபானோஸ் என்ற கிரேக்கச் சொல்லுக்கு 'முடி', அதாவது கிரீடம் என்று பொருள். முதல் வேதசாட்சியாகிய அவர் நமக்கு முடியப்பர் ஆனார். ஆகவே சின்னப்பன், முடியப்பன் என்ற பெயர்களை நாட்டுப்புறப் பெயர்கள் என்று எண்ணி நாணுகிறவர்கள், அவை இலத்தீனையும் கிரேக்கத்தையும் நன்கறிந்தவர்கள் ஆக்கித்தந்த பெயர்கள் என்று அறியக்கடவார்கள்.

வேறு சில பெயர்களில் பொருள் வரவில்லை. ஓசை மட்டுமே வந்தது. போர்த்துக்கேயரின் ஜோசே நம் வாயில் சூசை ஆயிற்று. எபிரேயத்தில் அதன் பொருள் 'அவர் பெருகச்செய்வார்' என்பது. இதை அறிந்தே வீரமாமுனிவர் தம் தேம்பாவணியில் அர்ச். சூசையப்பருக்கு வளன் என்று பெயர் சூட்டினார். சூசை என்றாலும் வளன் என்றாலும் ஆள் ஒருவரே.

சரி, சவேரியார்? அது உண்மையில் ஓர் ஊரின் பெயர். ஸ்பெயின் தேசத்து நவார் நாட்டில் ஜாவியேர் என்னும் கோட்டையில் 1506-ம் ஆண்டு பிறந்தார் அர்ச். பிரான்சிஸ். அவ்விடத்துப் பாஸ்கு மொழியில் அந்த ஊர்ப்பெயரின் மூலம் 'புது வீடு' என்பதாம். தம் புது வீட்டை விட்டு வந்து, 1542-ல் நம் முத்துக்குளித்துறையில் கால்வைத்தவர் அவர். முத்து என்பது நாம் பிள்ளைகளின் பெயரோடு ஆசையாய்ச் சேர்க்கும் சொல். ரொம்பப் பழசு என்று ஒதுக்கப்பட்ட பெயருக்குள்ளே 'புது' என்னும் சொல் மறைந்திருந்தது!

இன்னும் ஒருவரைச் சொல்லவேண்டும். நட்டாலத்தில் 1712-ல் பிறந்த நீலகண்டன், திருவிதாங்கூர் அரசில் உத்தியோகம் பார்த்தவர். 1745-ல் வடக்கன்குளத்தில் ஞானஸ்நானம் பெற்று, லாசர் என்னும் பெயரை ஏற்றார். 'சர்வேசுரன் உதவினார்' என்பதே அதன் எபிரேயப் பொருள். தமிழில் அது தேவசகாயம் ஆயிற்று. தாம் ஏற்ற பெயர் என்ன சொல்லுகிறதென்று கேட்ட மாத்திரத்தில் அவருக்கும் விளங்கியது, அவரை அழைத்தவர்களுக்கும் விளங்கியது. சிறையிலும் சித்திரவதையிலும் அந்தப் பெயரோடு நின்று, 1752-ல் ஆரல்வாய்மொழியில் சுடப்பட்டு மரித்தார். 2022-ம் ஆண்டு மே 15-ம் நாள் அர்ச்சியசிஷ்டவராகப் பிரசித்தப்படுத்தப்பட்டார்.

அப்படியானால் புதுப்பெயர் வைக்கக்கூடாதா என்று கேட்பீர்கள். தாராளமாய் வைக்கலாம். 1983-ம் ஆண்டின் திருச்சபைச் சட்டம் (855-ம் விதி) கேட்பதெல்லாம், கிறிஸ்தவ உணர்வுக்கு ஒவ்வாத பெயரை இடாதபடி பெற்றோரும், ஞானப்பெற்றோரும், பங்குக்குருவும் கவனிக்க வேண்டும் என்பதே. அன்பு, அமுதன், எழில் போன்ற நல்ல தமிழ்ப் பெயர்களுக்கு அதில் யாதொரு தடையுமில்லை. ஆனால் பொருளறியாமல் ஓசைக்காக மட்டும் ஒரு பெயரைப் பிள்ளையின்மேல் வைப்பது, கடிதமில்லாத வெறும் உறையைக் கையில் கொடுப்பதுபோலாம். பாட்டனாரின் பெயரையும் அப்படியே வெறும் உறையாகக் கொடுத்துவிடலாம்; அதிலும் எச்சரிக்கையாயிருங்கள்.

இதையெல்லாம் அந்தக் குடும்பத்தாருக்குச் சொன்னேன். இதைத்தான் வையுங்கள் என்று நான் சொல்லவில்லை. அடுத்த வாரம் திரும்பி வந்தார்கள். ஞானஸ்நானப் பதிவேட்டில் சவேரியார் என்று எழுதச்சொன்னார்கள். வீட்டில் கூப்பிட ஒரு தமிழ்ப் பெயரும் வைத்திருந்தார்கள். இம்முறை நான் கேட்குமுன்பே அதன் பொருளைத் தாயார் சொன்னார். பாட்டியம்மாள் மட்டும் பேரனைச் சவரிமுத்து என்றே கூப்பிடுகிறார். அதற்கு எந்தச் சட்டத்திலும் தடையில்லை.

இவ்வாரம் ஒரு நாள், இரவு ஜெபமாலை முடிந்தபின், பிள்ளைகளை அருகில் உட்காரவைத்து, ஒவ்வொருவருக்கும் அவரவர் பெயரின் பொருளையும், அதை ஏன் வைத்தீர்கள் என்பதையும் சொல்லுங்கள். உங்கள் பெயரை உங்களுக்கு யார் வைத்தார்கள் என்பதையும் சொல்லுங்கள். வைத்தவர்கள் உயிரோடிருந்தால் அவர்களிடமே கேட்டறியுங்கள், நாள் கடத்தவேண்டாம். பொருள் தெரியாத பெயரானால் ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப்பின் என்னிடம் வாருங்கள், சேர்ந்து தேடிப்பார்ப்போம்.

உங்கள் பங்குக்குரு