டி.எல்.எல். கோப்பைக் காணவில்லை: என்ன செய்வது?

மாணவர்களே, ஒரு செய்நிரலின் சின்னத்தை இரு தடவை சொடுக்குகிறீர்கள். செய்நிரல் திறக்கவில்லை. அதற்குப் பதிலாகச் சிறிய சாளரம் ஒன்று தோன்றி, எம்.எஸ்.வி.சி.பி.140.டி.எல்.எல். என்ற கோப்பைக் காணவில்லை என்கிறது. பலர் உடனே அந்தப் பெயரை இணையத்தில் தேடி, கிடைத்த இடத்தில் கோப்பைப் பதிவிறக்கிக் கொள்கின்றனர். இது பிழையான வழி. ஏன் என்பதைப் பார்ப்போம்.

பகிரப்படும் நூலகக் கோப்பு

பல செய்நிரல்களுக்குப் பொதுவாகத் தேவைப்படும் அறிவுறுத்தல்களைக் கொண்ட கோப்பு, பகிரப்படும் நூலகக் கோப்பு எனப்படும். விண்டோஸில் இது இயங்குநிலை இணைப்பு நூலகம் ஆகும். இதன் ஆங்கிலப் பெயரின் சுருக்கமே டி.எல்.எல். ஊர் வாசிகசாலையை நினைத்துக்கொள்ளுங்கள். பெரிய அகராதியை வீட்டுக்கொன்றாக வாங்காமல், வாசிகசாலையில் ஒன்றை வைத்து எல்லோரும் பார்க்கிறோம் அல்லவா? அதே ஏற்பாடுதான்.

நோட்பாட், பெயின்ட் இரண்டிலும் கோப்பைத் திறக்கும் சாளரம் ஒரே மாதிரி இருப்பதைக் கவனித்திருப்பீர்கள். அச்சாளரத்தை இரண்டும் தனித்தனியே உருவாக்குவதில்லை. விண்டோஸின் பொது நூலகக் கோப்பிடம் கேட்டுப் பெறுகின்றன. இதனால் வன்தட்டிலும் பிரதான நினைவகத்திலும் இடம் மீதமாகிறது. நூலகத்தில் உள்ள ஒரு குறையைத் திருத்தினால், அதைப் பயன்படுத்தும் எல்லாச் செய்நிரல்களுக்கும் அது போய்ச் சேரும்.

தீமையும் இதிலேயே உண்டு. அகராதியை ஒருவர் எடுத்துச் சென்றால் எல்லோருக்கும் இல்லை. விண்டோஸ் 95, 98 காலத்தில், புதிதாக நிறுவப்படும் மென்பொருள், பொதுக் கோப்பின் மீது தன் பழைய பதிப்பை எழுதிவிடும். நேற்றுவரை இயங்கிய வேறொரு மென்பொருள் நின்றுவிடும். வல்லுநர்கள் இதை ‘டி.எல்.எல். நரகம்’ என்று அழைத்தனர். 2000 இல் வெளியான விண்டோஸ் 2000, தன் முக்கிய கோப்புகளைப் பிற மென்பொருள்கள் மாற்றாமல் காக்கும் வசதியுடன் வந்தது.

செய்தியை முழுவதும் வாசியுங்கள்

அந்தச் சிறிய சாளரத்தில் இரண்டு வாக்கியங்கள் இருக்கும். மாணவர்கள் முதலாவதை மட்டும் வாசிக்கின்றனர். இரண்டாவது வாக்கியமே பரிகாரம்: செய்நிரலை மீள நிறுவிப் பார்க்கும்படி அது கூறுகிறது. ஆங்கிலம் என்பதற்காக மூடிவிட வேண்டாம். செய்நிரலின் பெயரையும் கோப்பின் பெயரையும் கொப்பியில் எழுதிக்கொள்ளுங்கள்.

அடுத்து, கணினியை மீள இயக்கி, ஒரு செய்நிரல் மட்டுமா, பலவுமா திறக்கவில்லை என்று பாருங்கள். ஒன்று மட்டும் எனின், மீள்சுழற்சித் தொட்டியில் கோப்பு கிடக்கிறதா என்று தேடுங்கள். இல்லையெனின் அச்செய்நிரலை முறைப்படி அகற்றி மீண்டும் நிறுவுங்கள். மேலே கூறிய கோப்பு மைக்ரோசொப்டின் விசுவல் சி பிளஸ் பிளஸ் பொதியைச் சேர்ந்தது. அப்பொதியை மைக்ரோசொப்ட் நிறுவனம் தன் இணையத்தளத்திலேயே இலவசமாகத் தருகிறது.

பல செய்நிரல்கள் ஒரே நேரத்தில் மறுத்தால் விண்டோஸின் சொந்தக் கோப்புகளே பழுதடைந்திருக்கலாம். நிருவாகி அனுமதியுடன் கட்டளைச் சாளரத்தைத் திறந்து, எஸ்.எப்.சி. என்று எழுதி, ஓர் இடைவெளி விட்டு, சாய்கோடும் ‘ஸ்கேன்நவ்’ என்ற சொல்லும் ஆங்கிலத்தில் இடுங்கள். விண்டோஸ் தன் கோப்புகளைச் சோதித்து, பழுதானவற்றை மாற்றும். நேரம் எடுக்கும், இடையில் நிறுத்த வேண்டாம்.

தனிக்கோப்பைப் பதிவிறக்கினால்?

நான் கலைப் பட்டதாரி. கணினியைப் பட்டறிவினால்தான் கற்றேன். எங்கள் வகுப்புக் கணினியில் இச்செய்தி வந்தபோது, முன்பின் தெரியாத தளமொன்றிலிருந்து கோப்பை எடுத்து சிஸ்டம்32 கோப்புறையில் ஒட்டினேன். செய்தி மறையவில்லை, வேறொரு பிழை தோன்றியது. அந்த வாரமே, அக்கணினியில் செருகிய பென் டிரைவ்களில் கோப்புறைகள் மறைந்து குறுக்குவழிச் சின்னங்கள் தோன்றின. என் பதிவிறக்கத்தால்தான் வைரசு வந்தது என்று நிரூபிக்க முடியாது. ஆனால் ஒரு மாணவி தன் செயற்றிட்டத்தை ஆரம்பத்திலிருந்து மீண்டும் செய்ய நேர்ந்தது. அவளிடம் வேறு பிரதி இருக்கவில்லை.

வைரசு இல்லாத கோப்பாயினும் பதிப்பு பொருந்தாமல் போகலாம். 32 பிட் செய்நிரலுக்கு 32 பிட் நூலகமே பொருந்தும். இங்கு பெயரே எம்மை ஏமாற்றும்: 64 பிட் விண்டோஸில், சிஸ்டம்32 என்ற கோப்புறையில் இருப்பவை 64 பிட் கோப்புகள்! 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64 என்ற கோப்புறையில் உள்ளன. நான் செய்த தவறும் இதுவாக இருந்திருக்கலாம்.

லினக்ஸிலும் இத்தகைய நூலகங்கள் உண்டு, பெயரில் எஸ்.ஓ. என்ற எழுத்துகள் வரும். அங்கு மென்பொருளை நிறுவும் கருவி, தேவையான நூலகங்களையும் பெரும்பாலும் தானே சேர்த்து நிறுவிவிடும்.

மாதிரி வினா

நண்பனின் கணினியில் வைரசு எதிர்ப்பு மென்பொருள் சோதனை செய்த பின்னர், ஒரு விளையாட்டு மட்டும் டி.எல்.எல். இல்லை என்கிறது. முதலில் எங்கே பார்க்க வேண்டும்? பின்னர் என்ன செய்ய வேண்டும்?

விடை: வைரசு எதிர்ப்பு மென்பொருள் ஒதுக்கி வைத்த கோப்புகளின் பட்டியலைப் பார்க்க வேண்டும். கோப்பு அங்கே இருந்தாலும் உடனே மீட்கக் கூடாது. விளையாட்டு யாரோ நகலெடுத்துத் தந்ததாயின் அதை அகற்றிவிட வேண்டும். தயாரித்த நிறுவனத்திடமிருந்து பெற்றதாயின் அங்கிருந்தே மீண்டும் பதிவிறக்கி நிறுவ வேண்டும்.