விளக்கக் குரல் இல்லாத ஒரு பூனைப் படம்

‘பூனையைப் பற்றி எழுது’ என்றால், பால் குடிக்கும், எலி பிடிக்கும் என்று ஏற்கெனவே தெரிந்ததையே மாணவர்கள் எழுதுகிறார்கள். பார்த்து எழுத வைப்பதற்காக ஏழாம் வகுப்பில் நான் திரையிடுவது ‘தி பிரைவேட் லைஃப் ஆஃப் எ கேட்’ என்ற மௌனப்படம். 1940களில் நியூயார்க்கில் அலெக்சாண்டர் ஹாமிடும் அவர் மனைவி மாயா டெரனும் தங்கள் வீட்டுப் பூனைகளை வைத்து எடுத்தது. கருப்பு வெள்ளை, சுமார் 22 நிமிடம். 1943இல் ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ என்ற புகழ்பெற்ற பரிசோதனைப் படத்தை எடுத்ததும் இவர்களே.

பூனை ஐந்து குட்டிகள் ஈனுகிறது, பாலூட்டுகிறது, குட்டிகள் நடை பழகுகின்றன. அவ்வளவுதான் கதை. கேமரா பூனையின் உயரத்துக்கு இறங்கிவிடுகிறது. விலங்குப் படங்களில் இடைவிடாமல் பேசும் அந்தக் குரல் இதில் இல்லை என்பதே எனக்கு வசதி. ஈனும் காட்சி வெளிப்படையாக இருப்பதால் ஆசிரியர் முதலில் தனியே பார்த்துவிடுவது நல்லது. ஆடு குட்டி போடுவதைப் பார்த்து வளர்ந்த எங்கள் பிள்ளைகள் சற்றும் கூசவில்லை.

நோட்டில் இரண்டு பத்திகள்: ‘பார்த்தேன்’, ‘நினைத்தேன்’. “தாய் பாசமாக நக்கியது” என்று ஒரு மாணவி முதல் பத்தியில் எழுதியிருந்தாள். நக்கியதைப் பார்த்தாய், பாசத்தை எங்கே பார்த்தாய் என்றேன். நக்குவதால் குட்டியின் மேல் இருக்கும் சவ்வு நீங்குகிறது, மூச்சு விடத் தூண்டுதல் கிடைக்கிறது என்றும் விளக்கினேன். “காரணம் இருந்தா பாசம் இல்லைன்னு ஆயிடுமா சார்?” என்று கேட்டாள். ஆகாது. அந்தச் சொல்லை அடிக்கச் சொல்லவில்லை. இரண்டாம் பத்திக்கு மாற்றச் சொன்னேன். முணுமுணுத்தபடி மாற்றினாள்.

கண் திறக்காத குட்டி காம்பை எப்படிக் கண்டுபிடித்தது என்பது இன்னொருவனின் கேள்வி. வாசனையும் தாயின் உடல் சூடும் வழிகாட்டுகின்றன.

ஆண் பூனைதான் கடினமான இடம். அதன் முகத்தையும் பெண் பூனையின் முகத்தையும் அடுத்தடுத்துக் காட்டும்போது, ‘அப்பா கவலைப்படுகிறார்’ என்று வகுப்பே சொல்கிறது. ஆண் பூனைகள் பொதுவாகக் குட்டி வளர்ப்பதில்லை. அந்தக் குடும்பத்தில் பாதியைக் கட்டியது படத்தொகுப்பு. அந்தப் பகுதியை நிறுத்தி நிறுத்தி, ஒவ்வொரு ஷாட்டையும் தனியாகப் பார்க்க வைக்கிறேன்.

அடுத்த வகுப்புக்கு அவர்கள் கொண்டுவருவது சொந்தப் படம்: வீட்டுக் கோழியோ ஆடோ, செல்போனைத் தரையில் நிறுத்தி ஐந்து நிமிடம், வெட்டாமல், பேசாமல். மதிப்பீட்டுக்கு நான் வாங்குவது நோட்டின் இரண்டு பத்திகளை மட்டும்.